சுகப்பிரசவம்: யாருடைய சுகம்?

சில மாதங்களுக்கு முன் ஓர் இலக்கியக் கூட்டத்தில் சிறுகதை ஒன்று வாசிக்கப்பட்டது. கதையின் கடைசி இரண்டு பக்கங்களும் பிரசவ அறை. பெண் கட்டிலின் கம்பியைப் பற்றுகிறாள், உதட்டைக் கடிக்கிறாள், இரவெல்லாம் அலறுகிறாள், விடியலில் குழந்தையின் அழுகுரல் கேட்டதும் எல்லா வலியையும் மறந்து சிரிக்கிறாள். கூட்டம் கை தட்டியது. நாமும் தட்டினோம். பெண் வலியின் வழியே தாயாகும் கணம் என்று எழுந்து பாராட்டவும் செய்தோம். கேள்வி நேரத்தில் பின்வரிசையிலிருந்து ஒரு மாணவி எழுந்தாள். "கதை நடப்பது நகரத்துப் பெரிய மருத்துவமனை. அந்த இரவு முழுவதும், வலி குறைய ஊசி போட்டுக்கொள்கிறாயா என்று அவளை ஒருவர்கூடக் கேட்கவில்லையே, ஏன்?" என்றாள். சிலர் சிரித்தனர். அது கதையின் பிரச்சினை அன்று என்றார் கதாசிரியர். தலைவர் அடுத்த கேள்விக்குச் சென்றுவிட்டார்.

அது கதையின் பிரச்சினைதான் என்று இன்று சொல்கிறோம். தமிழ் படித்தும் பயிற்றுவித்தும் பிழைக்கும் நம் அனைவரின் பிரச்சினையும் அதுவே. அன்று கொடுக்கத் தவறிய விடையை இங்கே எழுத முற்படுகிறோம்.

முதலில் ஒரு சொல்லை எடுத்துக்கொள்வோம். சுகப்பிரசவம். கத்தி படாமல் குழந்தை பிறந்துவிட்டால் அதற்கு நாம் இட்டிருக்கும் பெயர் இது. இருபது மணி நேரம் துடித்திருக்கலாம். கிழிந்த தசைக்குத் தையல் விழுந்திருக்கலாம். மூன்று நாள் உட்கார முடியாமல் இருந்திருக்கலாம். ஆயினும் அது சுகம். பெற்றவளைக் கேட்டு இட்ட பெயரா இது? வராந்தாவில் காத்திருந்தவர்கள் இட்ட பெயர். அறுவை இல்லை, செலவு குறைவு, விரைவில் வீடு திரும்பலாம் என்னும் சுகம் அவர்களுடையது. பெற்றவள் பேசும் தமிழ் வேறு. வலி கண்டுவிட்டது என்பாள். இடுப்பு நோவு என்பாள். பிள்ளை பெறுவது மறுபிறப்பு என்பாள். மறுபிறப்பு என்றால் ஒரு முறை செத்து எழுந்தேன் என்பது பொருள். அவள் மொழி உண்மை பேசுகிறது. நம் மொழி அந்த உண்மையின் மீது பூத்தூவி மூடுகிறது.

இனி அந்த ஊசிக்கு வருவோம். முதுகில் ஊசி என்று பொதுவாகச் சொல்கிறோம், அவை இரண்டு. இரண்டும் செல்லும் பாதை ஏறத்தாழ ஒன்றே. வளர்ந்தவர் உடலில் தண்டுவடம் இடுப்புப் பகுதியின் முதல் அல்லது இரண்டாம் முள்ளெலும்பருகே முடிந்துவிடுகிறது. அதற்குக் கீழே நரம்புகள் குதிரைவால்போலப் பிரிந்து, ஒரு பைக்குள் தெளிநீரில் மிதந்தபடி இறங்குகின்றன. ஊசி நுழையும் இடம் அதற்கும் கீழே, பெரும்பாலும் மூன்றாம் நான்காம் முள்ளெலும்புகளுக்கு இடையே. தண்டுவடத்தையே குத்துகிறார்கள் என்று அஞ்சுவோர் இதை அறிய வேண்டும்: அவர்கள் அஞ்சும் பொருள் பொதுவாக அவ்விடத்தில் இருப்பதே இல்லை.

ஸ்பைனல் எனப்படும் ஊசி மிக மெல்லியது. அந்த நீர்ப்பைக்குள் சென்று இரண்டு மூன்று மில்லிலிட்டர் மருந்தை விடுகிறது. சில நிமிடங்களில் மார்புக்குக் கீழ் உடல் மரத்துப்போகும். ஓரிரு மணி நேரம் அப்படியே இருக்கும். அறுவைக்கு அது போதும். எபிடூரல் எனப்படுவதில் ஊசி அந்தப் பையைத் துளைப்பதில்லை. வெளியே உள்ள சிறு இடைவெளியில் நின்றுவிடுகிறது. அதன் வழியே நூல் போன்ற குழாய் ஒன்றைச் செருகிவிட்டு ஊசியை உருவிவிடுவர். பிள்ளை பிறக்கும்வரை வேண்டிய நேரத்தில் வேண்டிய அளவு மருந்தை அக்குழாய் வழியே விடலாம். பிரசவ வலிக்கு இன்று தரப்படும் மருந்தின் செறிவு மிகக் குறைவு. வலி அடங்கும், வயிறு இறுகுவது தெரியும், தாய் விழித்திருப்பாள், முக்கித் தள்ளவும் அவளால் இயலும்.

இப்போது ஓர் எண்ணிக்கை. 2019-21இல் எடுக்கப்பட்ட ஐந்தாவது தேசியக் குடும்பநலக் கணக்கெடுப்பின்படி, தமிழ்நாட்டுப் பிரசவங்களில் 44.9 விழுக்காடு சிசேரியன். இந்த அறுவைகளில் மிகப் பெரும்பாலானவை முதுகில் போடும் ஊசியால்தான் நடைபெறுகின்றன. ஆகவே தமிழ்ப் பெண்ணின் முதுகு இந்த ஊசியை அறியாத முதுகு அன்று. ஊரில், தெருவில், ஒவ்வொரு வீட்டிலும் அந்த ஊசி ஏறியிருக்கிறது. கத்திக்காக அது ஏறும்போது எவரும் வாய் திறப்பதில்லை. வலி தாங்கவில்லை, அந்த ஊசியைப் போடுங்கள் என்று அவளே கேட்டால் மட்டும் குடும்பம் கூடுகிறது; மாமியார் முதல் பக்கத்துக் கட்டில்காரியின் உறவினர்வரை கருத்துச் சொல்கின்றனர்; முதுகு போய்விடும் என்கின்றனர். அறுவைக்குப் போட்டால் போகாத முதுகு, வலி குறைக்கப் போட்டால் மட்டும் எப்படிப் போகும்?

இந்தக் கேள்வியை ஊரை நோக்கிக் கேட்கும் தகுதி நமக்கு எளிதில் வந்ததன்று. 2009இல் எங்கள் வீட்டில் முதல் குழந்தை பிறந்தது. அந்த மருத்துவமனையில் எபிடூரல் வசதி இருந்தது. பதினோராம் மணி நேரத்தில் அவள் அதைக் கேட்டாள். செவிலியர் வெளியே வந்து, பெரியவர்கள் என்ன சொல்கிறீர்கள் என்றார். பெரியவர்கள் வேண்டாம் என்றனர். கணவனாக அங்கே நின்றது இதை எழுதும் கைதான். அது காகிதத்தில் கையெழுத்திட மறுத்தது. இன்னும் ஆறு மணி நேரம் சென்றது. குழந்தையின் இதயத் துடிப்பு குறைகிறது, உடனே அறுவை வேண்டும் என்றனர். இம்முறை நீட்டப்பட்ட காகிதத்தை நாங்கள் படிக்கக்கூட இல்லை. ஆங்கிலத்தில் இருந்த அந்த இரண்டு பக்கத்தின் அடியில் அதே கை உடனே கையெழுத்திட்டது. அதே முதுகு. அதே மருத்துவர். ஏறத்தாழ அதே இடத்தில் ஊசி. தாயும் சேயும் நலம். பல ஆண்டுகள் கழித்து ஒரு நாள் அவள் சொன்னாள்: "கத்தி வந்த பிறகுதான் எனக்கு ஊசி கிடைத்தது." குற்றம் சாட்டும் குரலில்கூடச் சொல்லவில்லை. அந்த வாக்கியத்துக்கு எங்களிடம் இன்றும் பதில் இல்லை.

அதற்கு முந்தைய ஆண்டு, 2008 ஜனவரியில், உச்ச நீதிமன்றம் ஒரு வழக்கில் தெளிவாகச் சொல்லியிருந்தது: மயக்கத்தில் இருந்த வயது வந்த பெண்ணுக்காக அவள் தாயிடம் பெற்ற ஒப்புதல் செல்லாது, ஒப்புதல் அவளுடையதாக இருக்க வேண்டும். மயக்கத்தில் கிடப்பவளுக்கே இதுதான் சட்டம் எனில், முழு விழிப்போடு வாய் திறந்து கேட்பவளைத் தாண்டி வராந்தாவுக்கு வந்து கேட்பதை என்னவென்பது? அந்த வராந்தாவில் நின்று விடையளித்த எங்களை என்னவென்பது?

அச்சத்துக்குக் காரணமே இல்லை என்று நாம் வாதிடவில்லை. இந்த ஊசியின் வரலாற்றில் அச்சத்துக்கு இடம் உண்டு. 1898 ஆகஸ்டில் ஜெர்மனியின் கீல் நகரில் ஆகஸ்ட் பியர் என்னும் அறுவை மருத்துவர் கோக்கெய்ன் மருந்தைக் கொண்டு முதன்முதலாக இம்முறையைக் கையாண்டார். பின்னர் தாமும் தம் உதவியாளர் ஹில்டப்ராண்டும் ஒருவர்மீது ஒருவர் சோதித்துப் பார்த்தனர். மரத்துவிட்டதா என்று அறிய ஹில்டப்ராண்டின் முழங்காலுக்குக் கீழே இரும்புச் சுத்தியலால் அடித்தார் பியர், சுருட்டின் நெருப்பை வைத்தார், வலிக்கவில்லை. வெற்றியை மதுவோடு கொண்டாடினர். அடுத்து வந்த நாள்களில் இருவரையும் தலைவலி வாட்டியது. பியருக்கு ஒன்பது நாள். பருத்த ஊசி போட்ட துளை வழியே நீர் கசிந்ததன் விளைவு அது. இன்றும் சிலருக்கு அத்தலைவலி வருகிறது. ஆனால் ஊசி மெலிந்துவிட்டது, முனையின் வடிவம் மாறிவிட்டது, தலைவலி நீடித்தால் அவளது இரத்தத்தையே சிறிது எடுத்து அவ்விடத்தில் செலுத்தித் துளையை அடைக்கும் முறையும் வந்துவிட்டது.

இன்னும் கொடியதும் நடந்தது. 1947 அக்டோபரில் இங்கிலாந்தின் செஸ்டர்ஃபீல்டு மருத்துவமனையில் வூலி, ரோ என்னும் இருவர் ஒரே நாளில் முதுகில் ஊசி பெற்றுச் சிறு அறுவைகளுக்கு உள்ளாயினர். இருவருக்கும் கால்கள் செயலிழந்தன. மருந்துக் குப்பிகளை ஃபீனால் கரைசலில் அமிழ்த்தி வைத்திருந்தனர். கண்ணுக்குத் தெரியாத வெடிப்புகள் வழியே ஃபீனால் உள்ளே இறங்கியது என்ற விளக்கத்தை நீதிமன்றம் ஏற்றது. கருவிகளைக் கொதிக்கவைக்கும் கலத்தைக் கழுவிய அமிலம் மிச்சமிருந்ததே காரணமாகலாம் என்று பிற்கால ஆய்வாளர் கருதினர். 1954இல் மேல்முறையீட்டு மன்றமும் அவர்களுக்கு இழப்பீடு மறுத்தது. பிரிட்டனில் இம்முறை பல்லாண்டுக் காலம் ஒதுங்கிக் கிடந்தது. ஆக, எந்த விளக்கத்தைக் கொண்டாலும் அங்கே கேடு செய்தது ஊசியோடு சேர்ந்து உள்ளே சென்ற மாசு. அப்பாடத்தை மருத்துவம் கற்றுக்கொண்டது. பிரிட்டனின் மயக்கவியல் மருத்துவர்கள் நாடு முழுவதும் எடுத்த கணக்கெடுப்பை 2009இல் வெளியிட்டனர். ஆண்டொன்றுக்கு ஏழு லட்சத்துக்கும் மேற்பட்ட இத்தகைய ஊசிகள் போடப்படுகின்றன என்றும், ஐயத்துக்குரிய எல்லாவற்றையும் சேர்த்து எண்ணினாலும் நிலையான பாதிப்பு ஒரு லட்சத்துக்கு 4.2 பேருக்கே என்றும் கண்டனர். பிள்ளைபெறும் பெண்களிடையே அது இன்னும் குறைவு. அந்தச் சிலரும் மனிதரே. அவர்களை மறைத்துப் பேசக் கூடாது. ஆனால் எண்ணைச் சொல்லி முடிவை அவளிடம் விடுவது ஒன்று; எண்ணே தெரியாமல் முதுகு போய்விடும் என்று மிரட்டுவது வேறொன்று.

சரி, அந்த நாள்பட்ட முதுகுவலி? பிள்ளை பெற்ற பெண்களில் ஏராளமானோருக்கு முதுகு வலிக்கிறது. ஊசி போடாதவர்களுக்கும் வலிக்கிறது. பத்து மாதம் முன்னிழுத்த சுமை, தளர்ந்த மூட்டுகள், குனிந்து பால் கொடுத்தல், குழந்தையைத் தூக்கிக்கொண்டே வீட்டு வேலை, உறக்கமின்மை என்று காரணங்கள் வரிசையாக நிற்கின்றன. 2018இல் வெளிவந்த காக்ரேன் தொகுப்பாய்வு எபிடூரலால் நீண்டகால முதுகுவலி கூடுவதாகக் காணவில்லை. சிசேரியன் கூடுவதாகவும், பிறந்த உடனே குழந்தையின் நிலை கெடுவதாகவும் காணவில்லை. இரத்த அழுத்தம் இறங்கலாம், உடல் நடுங்கலாம், அரிக்கலாம், காய்ச்சல் வரலாம், சிறுநீர் கழிக்கச் சில மணி நேரம் குழாய் தேவைப்படலாம், தள்ளும் கட்டம் சற்று நீளலாம், சிலருக்கு ஊசி சரியாக வேலை செய்யாமலும் போகலாம். இரத்தம் உறையாத கோளாறு உள்ளவர்க்கும், ஊசி போடும் இடத்தில் கிருமித் தொற்று உள்ளவர்க்கும் இது கூடாது. இவ்வளவையும் ஒரு பெண்ணுக்குத் தமிழில் சொல்லப் பத்து நிமிடம் போதும். அந்தப் பத்து நிமிடம் பெரும்பாலான பெண்களுக்குக் கிடைப்பதில்லை. வீட்டின் எல்லா வலிக்கும் ஓர் ஊசியைக் காட்டிவிட்டால் மற்றக் காரணங்களுக்கு எவரும் பொறுப்பேற்க வேண்டியதில்லை. முதுகுவலிக்கு ஊசி காரணம் என்றால் குடத்தைத் தூக்கிக்கொடுக்க ஆள் தேவையில்லை அல்லவா?

அடுத்து வருவோர் மரபின் காவலர். வலி இயற்கை, அதைக் குறைப்பது மேற்கத்திய வணிகம் என்பது இவர்தம் வாதம். நண்பர்களே, இயற்கைப் பிரசவம் என்ற முழக்கமே மேற்கிலிருந்து வந்தது. கிரான்ட்லி டிக்-ரீட் என்னும் ஆங்கிலேய மருத்துவர் 1933இல் அப்பெயரிலேயே நூல் வெளியிட்டார். அதே மேற்கில் 1847இல் எடின்பரோவின் ஜேம்ஸ் யங் சிம்சன் பிரசவத்துக்கு ஈதரையும் பின்னர் குளோரோஃபார்மையும் கொடுத்தபோது, வேதனையோடு பெறுவாய் என்னும் விவிலியச் சாபத்தை முன்வைத்து எழும் மறுப்புகளுக்கு அவரே விடை எழுத வேண்டியிருந்தது. 1853இல் விக்டோரியா அரசி தம் எட்டாம் பிரசவத்தில் குளோரோஃபார்மை ஏற்றார். அந்தச் சாபம் நம் மரபில் இல்லை. அதை எங்கிருந்து இரவல் வாங்கினோம்?

நம் மரபில் இருப்பது வேறு. திருச்சிராப்பள்ளி மலைமேல் குடிகொண்ட ஈசனுக்குத் தாயுமானவர் என்று ஏன் பெயர்? காவிரி வெள்ளத்தால் அக்கரையில் நின்றுவிட்ட தாயின் உருவில் வந்து, பிள்ளைபெறும் பெண்ணுக்குத் துணைநின்றான் என்பது தலபுராணக் கதை. வலியால் நீ தூய்மை பெறுகிறாய் என்று தள்ளி நின்று அவன் வாழ்த்தவில்லை, கைகொடுத்தான். திருக்கருகாவூரில் இன்றும் விளக்கெண்ணெய் மந்திரித்துத் தருகிறார்கள். வலி எடுத்ததும் வயிற்றில் தடவிக்கொள்கிறார்கள். நோவு தணிய வேண்டும் என்பதே நம் பெண்கள் வழிவழியாக வைத்த வேண்டுதல். தணிக்கும் வழி வந்தபிறகு நோவே புனிதம் என்று பேசத் தொடங்கியவர்கள் பெண்கள் அல்லர்.

ஏழைக்கு எங்கே எபிடூரல் என்று கேட்போரின் வாதம் ஒன்றே கனமானது. எபிடூரல் போட்டால் பிரசவம் முடியும்வரை ஒருவர் உடனிருந்து கண்காணிக்க வேண்டும். ஒரே இரவில் பல பிரசவங்கள் நடக்கும் அரசு மருத்துவமனையில் மயக்கவியல் மருத்துவர் அறுவை அறையை விட்டு வெளியே வர நேரமில்லை. உண்மை. ஆனால் அறுவைக்கு இதே பற்றாக்குறை இருந்தபோது என்ன செய்தோம்? எம்.பி.பி.எஸ். படித்த மருத்துவர்களுக்குச் சில மாதப் பயிற்சி கொடுத்துச் சிசேரியனுக்கு முதுகில் ஊசி போடக் கற்பித்தது அரசு. உயிர் காக்க வழி தேடினோம், கிடைத்தது. வலி தீர்க்க வழி தேடவே இல்லை. பற்றாக்குறை ஆளில் மட்டும் இருப்பதாகத் தோன்றவில்லை. தமக்கு வேண்டும் என்று கேட்கும் பெண்ணுக்கு எபிடூரல் தரலாம் என்று உலகச் சுகாதார நிறுவனம் 2018இல் பரிந்துரைத்துவிட்டது. கேட்கும் பெண் என்பதே அதில் முதன்மையான சொல். வேண்டாம் என்று சொல்லிப் பெறுகிறவளும் அதே உரிமையைத்தான் எடுத்துக்கொள்கிறாள். அவளைக் குறை சொல்ல நமக்கு வாயில்லை. நாம் எதிர்ப்பது அவளுக்குப் பதிலாக மற்றவர்கள் வேண்டாம் என்பதை.

இனி நம் பங்குக்கு வருவோம். வீரத்தாய் முதல் திரைப்படத்து அம்மாவரை, தாயின் மதிப்பை அவள் பட்ட நோவைக் கொண்டு அளக்கப் பழகிவிட்டோம். பத்து மாதம் சுமந்து வலித்துப் பெற்றவள் என்ற ஒரு தொடரை வைத்துக்கொண்டு எத்தனை மேடைகளில் பேசிவிட்டோம். இந்த அளவுகோலின்படி, வலியின்றிப் பெற்றவள் தாய்மையில் ஒரு மாற்றுக் குறைந்தவள். அறுவையில் பெற்றவளிடம், நீ என்ன வலியா கண்டாய் என்று உறவுக்காரர் கேட்பதை எல்லாரும் கேட்டிருக்கிறோம். அந்த வாக்கியத்தை அவர்கள் வாயில் வைத்தது யார்? வகுப்பறையில் தாய்மை என்ற தலைப்பில் கட்டுரை எழுதச் சொல்லி, நோவை வருணித்தவளுக்கு மதிப்பெண் கூட்டிப் போட்ட நாமும்தான். பல் பிடுங்கும்போது மரப்பூசி கேட்டு வாங்கிக்கொள்கிறோம்; வலியில் நம் ஆண்மை பரிணமிக்கட்டும் என்று எவரும் சொல்வதில்லை.

ஆகவே செய்யக்கூடியதைச் சொல்லி முடிக்கிறோம். கருவுற்ற ஏழாம் எட்டாம் மாதத்திலேயே, வலி எடுக்கும் முன்பே, அவளிடம் தமிழில் விளக்க வேண்டும். ஒப்புதல் படிவம் தமிழில் இருக்க வேண்டும். அதில் முதலாவதாக அவள் கையெழுத்து வேண்டும். அப்படிவத்தை நல்ல தமிழில் எழுதித் தருவது மருத்துவர் வேலை என்று ஒதுங்க வேண்டாம்; தமிழ்த்துறைகள் செய்ய வேண்டிய வேலை அது. கதை எழுதும் நண்பர்களுக்கு: பிரசவ அறையை எழுதுங்கள், தாராளமாக எழுதுங்கள், ஆனால் அந்த அறைக்கு வெளியே வராந்தாவில் நின்றவர்கள் என்ன சொன்னார்கள் என்பதையும் எழுதுங்கள். சுகப்பிரசவம் என்ற சொல்லை இனி நாம் எழுதப்போவதில்லை. இயல்பாகப் பிறந்தது என்று எழுதுவோம். சுகமா என்பதைப் பெற்றவள் சொல்லட்டும்.

பின்வரிசையிலிருந்து எழுந்த அந்த மாணவி இதைப் படிக்கக்கூடும். அம்மா, உன் கேள்வி கதையின் பிரச்சினைதான். அன்று சிரித்தவர்களில் நாமும் இருந்தோம்.